இஷ்தாரின் பாதி

1956 ஆகஸ்ட் 14, செவ்வாய்.

பாபிலோனியரின் இஷ்தார் காதலுக்கும் போருக்கும் தெய்வம். என் பாடக்குறிப்பில் காதலை மட்டும் தலைமையாசிரியர் அடித்துவிட்டார். பையன்களும் பெண்களும் சேர்ந்து உட்காரும் வகுப்பாம்.

இன்று தேன்கனிக்கோட்டை பஸ்ஸில் பள்ளி இன்ஸ்பெக்டர் வந்தார். அவர் எழுதிக் கொடுத்தால்தான் என் வேலை நிரந்தரமாகும். வீட்டில் படித்தவள் நான் ஒருத்திதான். இந்த வேலையும் போய்விட்டால்...

என் வகுப்பில் பாடக்குறிப்பைப் புரட்டிய இன்ஸ்பெக்டர், "இஷ்தார் போருக்கு மட்டுந்தானாம்மா?" என்றார்.

தலைமையாசிரியர் முந்திக்கொண்டார். "ஆமாங்க, போருக்குத்தானுங்க."

"இல்லைங்க சார், காதலுக்கும் அவதானுங்க" என்றேன்.

"ஐயோ, டீச்சரே சொல்லிட்டாங்கடி!" என்றாள் கடைசி பெஞ்சில் ஒருத்தி.

இன்ஸ்பெக்டர் சிரித்துவிட்டார். "அப்ப ரெண்டையும் போர்டுல எழுதுங்கம்மா."

பெரிய எழுத்தில் எழுதினேன். வேலை நிரந்தரம் என்று கையெழுத்துப் போட்டுவிட்டுப் போனார். மாலைவரை தலைமையாசிரியர் என் முகத்தைப் பார்க்கவில்லை. நான் அவர் முகத்தை நன்றாகவே பார்த்தேன்.