உருளைக்கிழங்குச் சுவரும் அம்மாவின் நாக்கும்

அன்புள்ள பூனைக்குட்டிக்கு அப்பா எழுதுவது. இங்கே நான் நன்றாக இருக்கிறேன், அங்கே நீயும் மாப்பிள்ளையும் எந்தக் குறையும் இல்லாமல் இருக்க வேண்டும். அடுத்து அம்மா நலம் என்று எழுத வேண்டும், எல்லோரும் அப்படித்தானே எழுதுகிறார்கள், ஆனால் அந்தச் சொல்லுக்கு வந்ததும் கை நின்றுவிட்டது. கதவு வந்து சேராத வீட்டில் வாசலுக்கு இடம் விட்டுச் சுவரைக் கட்டிக்கொண்டு போவோம் இல்லையா, அதுபோல இங்கே ஒரு வரி இடம் விட்டிருக்கிறேன் பார். அதைத் தாண்டி மேலே படி.

இந்தக் கையெழுத்தைப் பார்த்து யாரோ பள்ளிக்கூடப் பிள்ளை எழுதியது என்று நினைத்திருப்பாய். இல்லையம்மா, நான்தான். இத்தனை வருஷம் உனக்கு வந்த கடிதமெல்லாம் அம்மா கை. நான் பக்கத்தில் நின்று நானும் விசாரித்தேன் என்று போடு என்பேன், அவள் போட்டேன் போட்டேன் என்பாள், போட்டாளா இல்லையா என்று எனக்கு எப்படித் தெரியும்? இப்போது போடுகிறேன், நானே போடுகிறேன், நான் விசாரித்தேன், நான் விசாரித்தேன். ஒரு தடவை எழுதினால் போதும் என்று தெரியும், எழுத நன்றாக இருந்ததால் இன்னொரு தடவை எழுதினேன். எழுத்தைச் சொல்லிக் கொடுத்தது உன் அம்மாதான். சமையலறை டப்பாக்களில் பேர் ஒட்டி ஒவ்வொன்றாகப் படிக்க வைத்தாள். நான் முதலில் படித்த சொல் உப்பு. சின்னச் சொல், மேஸ்திரி தலைக்கு இது போதும் என்றாள். அன்றைக்குத் தெருவில் இறங்கி நடந்தபோது கடைப் பலகையெல்லாம் என்னைக் கூப்பிட்டுப் பேசியது போல இருந்தது. செருப்புக் கடைக்கு எதிரே நின்று செருப்பு என்று சத்தமாகப் படித்துவிட்டேன், கடைக்காரர் என்ன சைஸ் ஐயா என்று வெளியே வந்துவிட்டார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். சுற்றி வளைக்கிறேன் என்று உனக்கே தெரிந்திருக்கும். இதைப் போனில் சொல்லியிருக்கலாம், சொல்லப் போனால் தொண்டை அடைக்கிறது, பேனாவுக்குத் தொண்டை இல்லை. மழைக்காலத்தில் அம்மாவுக்குக் காய்ச்சல் வந்தது, வந்த மாதிரியே போய்விட்டது என்று உனக்குச் சொன்னோம். காய்ச்சல் போனது உண்மை. போகும்போது அவள் நாக்கையும் எடுத்துக்கொண்டு போய்விட்டது. எதை வாயில் வைத்தாலும் ஈர அட்டையை மெல்லுகிற மாதிரி இருக்கிறதாம். ஆலை கேன்டீனில் அத்தனை பேருக்குச் சமைத்துப் போட்டவள், அண்டாவில் வருகிற ஆவியை மோந்து பார்த்து உப்பு குறைகிறது என்று சொன்னவள், இப்போது கஞ்சிக் கிண்ணத்தை எதிரே வைத்துக்கொண்டு ஜன்னலைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறாள். ஊட்டப் போனால் நான் என்ன குழந்தையா என்கிறாள். நான் ஒதுங்கினால் கிண்ணம் அப்படியே ஆறிப் போகிறது. வளையல் முழங்கை வரைக்கும் ஏறிப் போகிறது பூனைக்குட்டி. டாக்டர் எல்லாம் பார்த்துவிட்டார், தொண்டை சரி, வயிறு சரி, நாக்கு தானாகத் திரும்பி வர வேண்டும், வராமலும் போகலாம் என்றார். அதோடு நிறுத்தியிருந்தால் பரவாயில்லை, அடுத்த தடவை எடை பார்க்கும்போது இன்னும் குறைந்திருந்தால் படுக்க வைத்து மூக்கு வழியாகக் குழாய் போட்டுத்தான் ஆகாரம் கொடுக்க வேண்டும் என்றார். அம்மா நாற்காலியை விட்டு எழுந்துவிட்டாள். குழாய் எல்லாம் பாத்திரம் கழுவுகிற தொட்டிக்குத்தான் டாக்டர், எனக்கு வேண்டாம் என்றாள். அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. எனக்கு வரவில்லை.

உனக்குச் சொல்லக் கூடாது என்று அம்மா கறாராகச் சொல்லிவிட்டாள். புது வேலை, லீவு கேட்டால் முகம் சுளிப்பார்கள், அவள் அங்கே அழுதால் இங்கே எனக்குப் பசிக்குமா என்கிறாள். இடிந்த வீட்டைப் பார்த்தால் எங்கே முட்டுக் கொடுக்கலாம் என்று கை தானாகத் தேடும். இதில் எங்கே முட்டுக் கொடுப்பது?

அப்படி இருக்கும்போது ஒரு நாள் மத்தியானம் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே, பூனைக்குட்டி இருந்தா அந்த உருளைக்கிழங்கு அடுக்கு பண்ணித் தருவா, மேலே சீஸ் பொன்னிறமா உருகி இருக்குமே அது, என்றாள். காய்ச்சலுக்கு அப்புறம் அவள் வாயிலிருந்து வந்த முதல் சாப்பாட்டுப் பேர் அது. எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. அதனால்தான் அன்றைக்கு உனக்குப் போன் போட்டு அதை எப்படிப் பண்ணுவது என்று கேட்டேன். உங்களுக்கு என்னப்பா ஆச்சு, வெந்நீர் வைக்கக்கூடத் தெரியாதே என்று நீ சிரித்தாய். சும்மாதான், சாப்பிடணும் போல இருந்தது என்றேன். நீ சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டேன், தாள் கைக்கு அகப்படவில்லை, அடுப்புக்குப் பக்கத்துச் சுவரில் பென்சிலால் எழுதினேன். நான் பூசிய சுவர், என்னை ஒன்றும் சொல்லாது. அம்மாதான் சொன்னாள், எழுத்து கத்துக் கொடுத்தா சுவரைக் கெடுப்பீங்கன்னு தெரியாம போச்சே என்று.

உருளைக்கிழங்கை வில்லை வில்லையாக நறுக்க வேண்டும் என்றாய், நறுக்கினேன். எல்லாம் வட்டமாக வந்தது. வட்டத்தை வைத்துச் செங்கல் மாதிரி எப்படி வரி கட்டுவது? ஓரத்தையெல்லாம் சீவிச் சதுரமாக்கினேன். தட்டின் அடியில் வெண்ணெய் தடவி முதல் வரி வைத்தேன். மைதாவை வெண்ணெயில் வறுத்துப் பால் ஊற்றிக் காய்ச்சச் சொன்னாயே, அது சிமெண்டுக் கலவைப் பதத்துக்குக் கெட்டியாக வந்தது, பார்க்கவே மனசு குளிர்ந்தது. அதைப் பூசினேன். அதன்மேல் கேரட், பீன்ஸ், பட்டாணி, குடைமிளகாய், மேலே சீஸ் துருவல், மறுபடி உருளைக்கிழங்கு. கீழ் வரி இணைப்புக்கு நேரே மேல் வரி இணைப்பு வந்துவிடக் கூடாது என்று ஒவ்வொன்றையும் மாற்றி மாற்றி வைத்தேன், சந்து தெரிந்த இடத்தில் பட்டாணியை நசுக்கி அடைத்தேன், ஒவ்வொரு வரியையும் தட்டி இறுக்கினேன். கடைசியில் சுவருக்கு மட்டம் பார்க்கிற ரசமட்டத்தை எடுத்து மேலே வைத்துப் பார்த்தேன், குமிழ் நட்டநடுவில் நின்றது. அம்மாவிடம் காட்டினேன். நல்லா இருக்கு, குடி போகலாம் என்றாள்.

நம் வீட்டில் ஓவன் இல்லாததால் தெருமுனைப் பேக்கரிக்குத் தூக்கிக்கொண்டு போனேன். அந்த அடுப்பு நான் கட்டியது என்று உனக்குத் தெரியுமே. பேக்கரிக்காரர் தட்டைக் கையில் வாங்கி எடை பார்த்துவிட்டு, மேஸ்திரி, இது சாப்பாடா அஸ்திவாரமா என்றார். பொறாமை என்று நினைத்துக்கொண்டேன். கொஞ்ச நேரத்தில் உள்ளே புஸ்ஸென்று சத்தம் வந்தது. மேல் வரி மொத்தமாக மூடி மாதிரி எழும்பி ஒரு பக்கம் சாய்ந்து நிற்கிறது, சீஸெல்லாம் வழிந்து அவருடைய அடுப்பில் தீய்ந்து புகைகிறது. நான் கட்டிய அடுப்பில் நான் கட்டிய சுவர் இடிந்ததைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அவர் திட்டவில்லை, கம்பியால் சுரண்டிக்கொண்டே, சுவருக்குள்ள காத்து போகக் கூடாது மேஸ்திரி, சாப்பாட்டுக்குள்ள போகணும், ஆவி எந்த வழியா வெளியே வரும், பால் எந்த வழியா கீழே இறங்கும், நீங்க ஒரு சந்துகூட விடலையே என்றார். அடியில் கத்தி விட்டுப் பார்த்தால் கிழங்கு பச்சையாக நறுக்கென்றது.

அதையும் எடுத்துக்கொண்டுதான் வந்தேன். வேறு என்ன செய்வது, அவள் காத்துக்கொண்டிருப்பாளே. வெந்த இடமாகப் பார்த்து மேலாக எடுத்துக் கொடுத்தேன். அம்மா ஒரு வாய் வைத்தாள், மென்றாள், கொஞ்சம் யோசித்தாள், உப்பு இல்லை என்றாள். பூனைக்குட்டி, அவள் எதைச் சாப்பிட்டாலும் ஒன்றும் தெரியவில்லை என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தாள், உப்பு இல்லை என்று ஒரு நாளும் சொன்னதில்லை. நான் வாயில் போட்டுப் பார்த்தேன். உப்பு இல்லை! உண்மையாகவே துளி உப்பு இல்லை! ஓடிப் போய்ச் சுவரைப் பார்த்தேன், முதலிலிருந்து கடைசி வரை விரல் வைத்துப் படித்தேன், நீ உப்பைப் பற்றிச் சொல்லவே இல்லை. எல்லோருக்கும் தெரிந்ததுதானே என்று விட்டிருப்பாய். எழுதியதை எழுதியபடியே செய்தவனுக்கு அது தெரியவில்லை. சமைக்கத் தெரிந்தவன் யாராவது இப்படிச் செய்வானா? ஆனால் அன்றைக்கு நான் வருத்தப்படவில்லை. நாக்கு வந்துவிட்டது, அவளுக்கு நாக்கு வந்துவிட்டது என்று மாடிப்படியில் இறங்கிப் பேக்கரி வரைக்கும் போய்ச் சொல்லிவிட்டு வந்தேன். அவர் ஒரு பன்னை என் கையில் வைத்து அழுத்தினார்.

மறுபடி செய்தேன். இந்தத் தடவை கிழங்கின் ஓரத்தைச் சீவவில்லை, வட்டம் வட்டமாகவே தளர்த்தியாகப் போட்டேன், பாலைக் கொஞ்சம் நீர்க்கக் காய்ச்சினேன், ஒவ்வொரு அடுக்குக்கும் உப்புப் போட்டேன். கோணல் மாணலாக இருந்தது, எனக்கே வெட்கமாக இருந்தது. வெந்து வந்தபோது மேலே பொன்னிறமாகக் கொப்புளித்து, ஓரத்தில் மொறுமொறுவென்று, நீ செய்வது போலவே. பேக்கரிக்காரர் ஓரத்தில் கிள்ளி வாயில் போட்டு, உப்பு காரம் எல்லாம் கச்சிதம் மேஸ்திரி, கடை போடலாம் என்றார். சூடு ஆறாமல் துணி சுற்றிக் கொண்டுவந்தேன். அம்மா ஒரு வாய் சாப்பிட்டாள். என்னைப் பார்த்தாள். இன்னைக்கும் உப்பு மறந்துட்டீங்களா என்றாள்.

ஆமாம், மறந்துவிட்டேன் என்றேன். எனக்குப் பொய் சொல்ல வராது என்று உனக்குத் தெரியும், உன் அம்மாவுக்கு அதைவிட நன்றாகத் தெரியும். மேடைமேல் உப்பு டப்பா மூடி திறந்து கிடந்தது. அதைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். முதல் தடவை அவள் சொன்னது நாக்கு சொன்னதில்லை, கேன்டீன்காரி சொன்னது. நான் சமைத்தால் எதை மறப்பேன் என்று அவளுக்குத் தெரியாதா? அப்புறம் அவள் கரண்டியை எடுத்து, ருசிக்காக நான் சாப்பிடப் போறதில்லை, நீங்க தூக்கிட்டு ஓடினதுக்காகச் சாப்பிடறேன், ஆனா இப்படி முகத்தை வெச்சுக்கிட்டு எதிரே உட்கார்ந்தா இறங்காது, கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்புங்க என்றாள். நான் சுவர் பக்கம் திரும்பிக்கொண்டேன். நான் எழுதியதையே திரும்பத் திரும்பப் படித்தேன். பின்னால் கரண்டி தட்டில் படுகிற சத்தம் கேட்டது, நிற்கும், மறுபடி கேட்கும். திரும்பிப் பார்த்தபோது அவள் நெற்றியெல்லாம் வேர்த்திருந்தது, சுமை தூக்கியவள் மாதிரி. தட்டில் பாதி இருந்தது.

அதற்குப் பிறகு ஒருநாள் விட்டு ஒருநாள் செய்கிறேன். நான் திரும்பிக்கொள்கிறேன், அவள் சாப்பிடுகிறாள். சில நாள் பாதி, சில நாள் மேலே இருக்கிற சீஸ் மட்டும். எனக்காக எத்தனை நாள் இப்படி ஒருத்தி சாப்பிட முடியும் என்று தெரியவில்லை. வருகிற வாரம் எடை பார்க்க வரச் சொல்லியிருக்கிறார்கள். உன்னை வா என்று எழுதவில்லை, வராதே என்றும் எழுதவில்லை, எதை எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை, அதனால் நடந்ததை எழுதிவிட்டேன்.

நீ நேரத்துக்குச் சாப்பிடு. குளிரில் காதை மூடிக்கொண்டு போ. மாப்பிள்ளையையும் உருளைக்கிழங்கு சீவப் பழக்கு, என்னைப் போல இந்த வயதில் ஆரம்பிக்க வேண்டாம். ஒன்றை மட்டும் மறக்காதே, அம்மாவிடம் போனில் பேசும்போது ருசி எப்படி இருந்தது என்று கேட்டுவிடாதே. எவ்வளவு சாப்பிட்டாய் என்று கேள், அதட்டிக் கேள், நீ அதட்டினால் அவளுக்குப் பிடிக்கும். நீங்கள் இருவரும் குறைவில்லாமல், நோய் நொடி இல்லாமல், பசித்துப் புசித்து நீண்ட நாள் இருக்க வேண்டும். இப்போதெல்லாம் நான் பசியைத்தான் முதல் வரமாகக் கேட்கிறேன்.

அம்மா எழுந்துவிட்டாள். என்ன, இன்னுமா அந்தக் கடிதம் முடியலை, வீடே கட்டி முடிச்சிருக்கலாமே என்கிறாள். நான் சாப்பிட்டேன்னு எழுதினீங்களா என்கிறாள். எழுதினேன் என்றேன். நலமா இருக்கேன்னும் எழுதுங்க என்கிறாள். மேலே இடம் விட்டிருக்கிறேன் என்றேன். விட்ட இடத்தைப் பார்த்துவிட்டுப் போய் ஜன்னலோரம் உட்கார்ந்துகொண்டாள். அது அப்படியே இருக்கிறது கண்ணு. அடைக்க என்னால் முடியவில்லை.

இப்படிக்கு, கைநாட்டு இல்லாமல் தன் கையாலேயே எழுதும்,
உன் அப்பா