சாமான் அறைக்கு யன்னல் எதுக்கு

ஜூன் 9, திங்கள்

சிரோக்கோ, பாலைவனத்துச் சூட்டுக் காத்து. பல்கனி முழுக்கச் செம்புழுதி. ரெண்டு தரம் கழுவியாச்சு. இனி: நான் பாக்கிற கிழவருக்குக் குளுசை குடுக்க, நகம் வெட்ட, யன்னல் துடைக்க.

யூனிவேர்சிட்டிப் பெடியள் ஆறு பேர் வந்தினம், கிழவர் அறுவது வருசத்துக்கு முந்திப் படம் கீறிக் கட்டுவிச்ச இந்த வீட்டைப் பாக்க. பெரிய ஆர்க்கிதெத்தோ எல்லே! மேசையில வீட்டுப் படத்தை விரிச்சினம். என்ர அறையைத் தேடினன். குசினிக்குப் பின்னால ஒரு சின்னப் பெட்டி, உள்ளுக்குக் கிழவற்ர கையெழுத்தில 'சாமான் அறை'. யன்னல் இல்லை. அதுக்கைதான் நாலு வருசமாப் படுக்கிறன்.

"ஒரு சாண் இடம்கூட வீணாக்கேல்லை!" வந்ததில ஒரு பெட்டை வாயைப் பிளந்தாள்.

வந்த விசருக்குக் கிழவற்ர நகத்தை ஒட்ட வெட்டிப்போட்டன். கத்தினார். கத்தட்டும்.

ஜூன் 11, புதன்

கிழவற்ர மகள் வந்தா. சிஞ்ஞோரா எண்டுதான் கூப்பிடவேணும். வீட்டைச் சனம் பாக்கத் திறக்கப் போறாவாம். கிழவற்ர படுக்கையறை அப்பிடியே காட்சிக்கு. கட்டில், மேசை, பென்சில், மூக்குக்கண்ணாடி, எல்லாம். கிழவர் மட்டும் வேண்டாம். அவருக்குச் சாமான் அறை. எனக்குக் குசினிக்கை மடக்குக் கட்டில்.

அவ போனதும் கிழவர் என்ர கையைப் பிடிச்சார். "அங்கை யன்னல் இல்லை."

"நீங்கள்தானே கீறினீங்கள்?"

"அது மனிசர் படுக்கக் கீறினதில்லை."

"அப்ப நான் ஆர்?"

கையை விட்டிட்டார். முதல் வருசம் அந்த அறைக்கு ஒரு ஃபான் கேட்டனான். "கதவைத் திறந்து விடு" எண்டவர். மறந்திட்டாராக்கும்.

ஜூன் 14, சனி

பாண், பால், எலுமிச்சம்பழம். வியா மக்வேதாத் தெருவில எங்கடை ஊர் ஸ்டெல்லா அக்காவைக் கண்டன். அறை மாத்துற கதையைச் சொன்னன்.

"ஐயோ பாவம், கிழடெல்லே. நீ ஒரு சொல்லுச் சொன்னா அந்த மகள் கேப்பா. உன்னைத்தானே நம்புறா."

"ஓம் அக்கா, சொல்லுறன்."

பின்னேரம் கிழவர் கூப்பிட்டார். "ஜெயசீலி." இவ்வளவு நாளும் அவருக்கு நான் மரியா. எனக்கு முதல் இருந்தவளின்ர பேர். "ஜெயசீலி, மகளோட ஒருக்காக் கதைச்சுப் பார். எனக்கு ஒரு யன்னல் இருந்தாக் காணும்."

பேர் தெரிஞ்சுதான் இருந்திருக்கு. சீ! அதுதான் கூடச் சுட்டது.

ஜூன் 16, திங்கள்

காத்து விட்டிட்டுது. நல்ல வெயில். மடக்குக் கட்டிலைக் கொண்டு ரெண்டு ஆக்கள் வந்தினம்.

சிஞ்ஞோரா சாமான் அறை வாசல்ல நிண்டா. மூக்கைச் சுளிச்சா. "உண்மையைச் சொல்லு. இஞ்சை ஒரு மனிசர் இருக்கேலுமா? ஏலாதெண்டால் அப்பா தன்ர அறையிலயே இருக்கட்டும்."

கிழவர் கதிரையில இருந்து என்ர வாயையே பாத்துக்கொண்டிருந்தார்.

"நல்ல அறை, சிஞ்ஞோரா. நாலு வருசம் படுத்தனான். கதவைத் திறந்து விட்டாச் சரி."