கோப்பையில் கட்டிய சிவப்பு நூல்

லண்டனில் நாம் ஒன்றாகத் தங்கியிருந்த மனோர் பார்க் வீட்டைக் காலி செய்கிறோம். குசினி அலுமாரியின் மேல்தட்டில், பழைய பருப்பு டின்களுக்குப் பின்னால் அந்தத் தேநீர்க் கோப்பை கிடந்தது. கைபிடியில் சிவப்புக் கம்பளி நூல் முடிச்சோடு அப்படியே இருக்கிறது. குப்பையில் போடத்தான் எடுத்தேன். போடவில்லை. நீர் உயிரோடு இருந்திருந்தால், இதை வைத்து இன்னொரு வாக்குவாதம் தொடங்கியிருப்பீர்.

ரவி அதைக் கட்டியபோது, சுத்தம் பார்க்கிறான் என்றுதான் எல்லோரும் நினைத்தோம். ரவி என் சித்தப்பாவின் மகன். அகதி வழக்கு முடியாமல் எங்களோடு தங்கியிருந்தான். அந்த வீட்டில் எல்லோரும் எல்லோருடைய கோப்பையிலும் குடித்தோம். எங்களோடு அதே வீட்டில் இருந்த தவம் அண்ணை குடித்துவிடக் கூடாது என்பதற்குத்தான் அந்த நூல் என்பது தவம் அண்ணைக்கு மட்டும் முதல் நாளே தெரிந்திருந்தது. ஊரில் தேத்தண்ணிக் கடையில் அவருடைய சாதிக்கென்று ஒதுக்கிய தனிப் பேணியில் குடித்து வளர்ந்தவர். ஒரு காலை, வேலையால் வந்தவர் வேண்டுமென்றே அந்தக் கோப்பையை எடுத்துக் குடித்தார். ரவி சாதிப் பெயர் சொல்லி அடித்தான். அவருடைய கை முறிந்தது. படியில் விழுந்ததாக ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டு வந்த தவம் அண்ணை எங்களிடம் சொன்னார்: “போலீசுக்குப் போறதோ இல்லையோ எண்டு நான் இன்னும் யோசிக்கேல்லை.” அவர் போனால் ரவியின் வழக்கு அதோடு சரி.

அப்போதுதான் நீர் நவாஹோக்காரரின் கதையை வீட்டுக்குள் கொண்டுவந்தீர். உமக்குப் பகலில் பெற்றோல் ஸ்டேஷனில் வேலை, பின்னேரம் சட்ட வகுப்பு. அங்கே படித்திருந்தீர்: நவாஹோ என்று அமெரிக்கப் பாலைவனத்தில் ஒரு பழங்குடி, தங்கள் நீதிமன்றத்துக்குள்ளேயே சமாதானம் பேசும் பழைய முறையைத் திரும்பக் கொண்டுவந்திருக்கிறதாம். தீர்ப்பு இல்லை. இரண்டு பகுதியின் சொந்தங்களும் இருந்து, ஆளாளுக்கு மனதில் உள்ளதைச் சொல்லி, அடிபட்டவருக்கு எது போதும் என்று கண்டுபிடிப்பார்களாம்.

“அவையின்ர தலைவன் கட்டளை போடுறவன் இல்லை,” என்றீர். “சனம் அவன்ர சொல்லைக் கேக்காட்டி அவன் தலைவனே இல்லை. எண்ணெய்க் கம்பனிக்குக் கையெழுத்துப் போட ஆள் வேணும் எண்டுதான் வெள்ளைக்காரன் அவைக்குக் கவுன்சில் ஒண்டை உண்டாக்கினவன்.”

“எங்கட தலைவர்மாருக்கு இதைச் சொல்லிப்போட்டு உயிரோட இருக்கேலுமோ?” என்றேன்.

“அதுதான் லண்டனில இருந்து சொல்லுறன்.”

சிரித்தோம். ஆனால் எனக்குக் கோபம்தான். ஊரிலும் பேசித்தான் தீர்த்தார்கள். பேசியவர்கள் கதிரையில், அடிபட்டவன் முற்றத்தில். அந்த அசிங்கத்துக்குப் பாலைவனத்திலிருந்து ஒரு நல்ல பெயரா? கேட்டேன். நீர் நேரே தவம் அண்ணையிடம் போய் விருப்பமா என்று கேட்டீர். அவர் சரி என்றார். “அவன் என்ன சொல்லுறான் எண்டு பாக்கத்தான்.”

ஞாயிறு பின்னேரம் எல்லோரும் முன்னறையில் கூடி இருந்தோம். என்னை ரவிக்குப் பக்கத்தில் இருத்தினீர்.

“நான் அவன்ர ஆள் இல்லை,” என்றேன்.

“அதை நீர் தீர்மானிக்கேலாது. சித்தப்பான்ர மகன். அவனுக்கு இஞ்ச வேற ஆர் இருக்கு?”

நவாஹோ மொழியில் ‘கே’ என்று ஒரு சொல் இருப்பதாகச் சொல்லியிருந்தீர். உறவும் மரியாதையும் கடமையும் சேர்ந்த ஒன்று. அதில்தான் எல்லாம் நிற்கிறது என்று. எனக்கு அங்கேதான் குழம்பியது, இன்றும் தெளியவில்லை. எங்களுக்கு உறவு என்றாலே சாதிதானே. ரவியைத் தம்பி என்று பிடித்து நிறுத்த வேண்டுமானால், நான் உதறிவிட்டு வந்த அதே கூட்டத்துக்குள் திரும்பப் போய் நின்றுதான் பிடிக்க வேண்டும். இது நோயா, மருந்தா?

தவம் அண்ணை கட்டுப்போட்ட கையை மடியில் வைத்திருந்தார். எது போதும் என்று கேட்டீர்.

“மன்னிப்பு வேண்டாம். என்னிலும் பத்து வயது குறைஞ்ச பொடியன். இந்த வீட்டில எல்லாரையும் அண்ணை எண்டுறான், என்னை மட்டும் தவம் எண்டுறான். ஒருக்கா அண்ணை எண்டு கூப்பிடட்டும்.”

ரவி நிலத்தைப் பார்த்தான். கோப்பையைத் தந்துவிடுகிறேன், வீட்டை விட்டுப் போகிறேன் என்று முணுமுணுத்தான். அந்த ஒரு சொல் மட்டும் வரவில்லை. வழக்கையே இழக்கத் தயாராக இருந்தான், ஒரு சொல்லுக்கு! எனக்குத் தலை கொதித்தது. “சொல்லடா!” என்று எழும்பினேன்.

“இரும்,” என்றீர். “நீர் அடிச்சுச் சொல்ல வைக்கிற சொல் அவருக்கு எதுக்கு?”

பிறகு தவம் அண்ணையைப் பார்த்தீர். “இண்டைக்கு வரேல்லை. போலீசுக்குப் போறதெண்டால் நானும் கூட வாறன். இல்லாட்டித் திரும்ப இப்பிடி இருந்து கதைப்பம்.”

அவர் போகவில்லை. ஏன் என்று இன்றுவரை சொல்லவுமில்லை. கை சரியானதும் நோர்பரிக்கு மாறிவிட்டார். திரும்பக் கூடி இருப்பதற்குள் உமக்கு இரத்தப் புற்றுநோய் வந்தது. நீர் செய்தது நியாயமா, ஒரு குற்றத்தை மூடி மறைத்ததா? உம்மோடு சண்டை பிடித்துத் தெரிந்துகொள்ளலாம் என்றிருந்தேன். அதற்கும் இடம் வைக்காமல் போய்விட்டீர்.

உம்முடைய செத்தவீட்டில் இருவரும் எதிரெதிரே வந்தார்கள். ரவிக்கு இப்போது விசா இருக்கிறது, பயப்பட எதுவும் இல்லை. “வாங்கோ,” என்றான். அவ்வளவுதான். மரியாதை இருந்தது, அண்ணை என்ற முறை இல்லை. தவம் அண்ணை கொஞ்சம் நின்று பார்த்துவிட்டு நகர்ந்தார். அந்த ‘வாங்கோ’வை எந்தக் கணக்கில் வைப்பது?

போன கிழமை தவம் அண்ணை போன் எடுத்தார். “தம்பி, அந்தக் கதை முடியேல்லை. அவன்ர ஆள் நீர்தானே. எப்ப திரும்ப இருக்கிறம்?”

நான் அவனுடைய ஆள் இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். “வாற ஞாயிறு,” என்று வந்தது.

ரவியிடம் சொன்னேன். வருகிறேன் என்றும் சொல்லவில்லை, ஏலாது என்றும் சொல்லவில்லை. “அங்க ஆர் கதைப்பினம்?” என்று மட்டும் கேட்டான். உம்முடைய இடத்தில் யார் இருப்பது என்று எனக்கும் தெரியாது. என்னால் ஏலாது, நான் எழும்பிக் கத்துகிறவன்.

கோப்பையைக் கழுவி, பேப்பரில் சுற்றிப் பையில் வைத்திருக்கிறேன். கத்தரிக்கோல் பக்கத்தில்தான் இருந்தது. நூலை நான் வெட்டவில்லை. கட்டியவன் அவிழ்க்கட்டும்.