கீழ்வாசலைத் திறக்கும் கை

கிருபையின் அப்பாவுக்கு,

சாயங்காலம் ஆற்றுத் தண்ணீரை அண்டாவில் ஊற்றினேன். ஊற்றிய கையோடு நம் மகள் வந்து வலக்கையை முழங்கை வரை உள்ளே விட்டுக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். செம்பும் ஆற்று மணலும் கலந்த அந்த வாடை வீடு முழுக்க நிற்கிறது. "கட்டு அவுக்குற வரைக்கும் தண்ணி படக்கூடாதாம்லா, அதான் இப்பவே நனைச்சுக்கிடுதேன்" என்கிறாள். அவள் முடிவு கட்டிவிட்டாள். நான்தான் இன்னும் சரி என்று சொல்லவில்லை.

விஷயம் இதுதான். மிஷன் ஆஸ்பத்திரி வெள்ளைக்கார டாக்டரம்மா சீமைக்குத் திரும்பப் போகிறார். அங்கே சண்டை நடக்கிறதல்லவா, அடிபட்டவர்களைப் பார்க்க ஆள் போதவில்லையாம். போவதற்குள் கிருபையின் ஒட்டின விரல்களைப் பிரித்துவிடலாம் என்கிறார். மயக்க மருந்து கொடுத்துத்தான் செய்ய வேண்டுமாம். நாளை காலை பதில் சொல்ல வேண்டும். ஆறு வயதுப் பிள்ளையை மயக்கிப் படுக்க வைத்தால் எழுந்திருப்பாளா என்று பயம். அது மட்டும் என்று சொன்னால் பொய். இன்னொன்றும் இருக்கிறது, அதை உங்களிடம்தான் சொல்ல முடியும்.

என் கையை நீங்கள் முதலில் எங்கே பார்த்தீர்கள்? பெண் பார்க்க வந்த அன்று இல்லை. அன்று என் அப்பா ஒரு பெரிய தட்டு நிறைய வாழைப்பழத்தை அடுக்கி என் கையில் கொடுத்து, நீங்கள் போகும் வரை கீழே வைக்கவிடாமல் நிறுத்தி வைத்தார். நடுவிரலும் மோதிர விரலும் நுனி வரை சவ்வால் ஒட்டியிருந்தது பழத்துக்கு அடியில் பத்திரமாக இருந்தது. தோள்தான் இற்றுப்போனது. ஆனால் கோயிலில் போதகர் வலக்கையை வலக்கையால் பிடிக்கச் சொன்னபோது பழத்தட்டுக்கு எங்கே போவது? முந்தானையைச் சுற்றிக்கொண்டு நீட்டினேன். நீங்கள் பைய அந்தத் துணியை விலக்கினீர்கள். உங்கள் பெருவிரல் அந்தச் சவ்வில் பட்டு நின்றது. உங்கள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

அன்று சாயங்காலம் நான் அழத் தயாராக உட்கார்ந்திருந்தேன். நீங்கள் வந்து எதிரில் உட்கார்ந்தீர்கள்.

"ஏளா, நீ அந்த ஊர்க்காரியா? மொதல்லயே சொல்லிருக்கலாம்லா" என்றீர்கள்.

"எந்த ஊரு?"

"செவ்வாக் கெரகத்துலதான். அங்கன கால்வா கால்வாயா ஓடுதுன்னு பேப்பர்ல போட்டிருக்கான். அம்புட்டு நீளத்துக்குக் கால்வா வெட்டுதவன் கரையில நிக்கவனா இருப்பானா? பாதி நாள் தண்ணிக்குள்ள கெடக்கவனாத்தான் இருப்பான். கையில சவ்வு இல்லாம அவனுக்கு எப்படி முடியும்?"

கால்வாய் ஆபீசில் குமாஸ்தாவாக இருந்தவருக்கு வானத்தில் கால்வாய் என்றதும் அங்கே யார் மடை திறக்கிறார்கள் என்ற கவலைதான் முதலில் வந்திருக்கிறது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பிறந்ததிலிருந்து என் கையைப் பார்த்து ஐயோ என்றவர்கள் உண்டு, முகத்தைத் திருப்பியவர்கள் உண்டு. இந்தக் கைக்கு ஓர் ஊரும் சனமும் உண்டு என்று சொன்னவர் நீங்கள் ஒருவர்தான்.

அதன்பிறகு எத்தனை சோற்றுப் பொழுதுகள் அந்த ஊர்க் கதையில் போயின. அங்கே ஒவ்வொரு வீட்டுக்கும் இரண்டு வாசல். மேல்வாசல் கரையில், கீழ்வாசல் தண்ணீருக்குள். காலையில் கரைமேல் பயிர் வேலை. வெயில் ஏறி உடம்பு காய்ந்தால் எல்லாரும் உள்ளே. பச்சைப் பிள்ளைகள் மேலே வருவதே இல்லை. பசிக்கு அழைக்கத் தாய்மார் தண்ணீரை உள்ளங்கையால் தட்டுவார்கள். வழக்கு விசாரணை தண்ணீருக்கு அடியில். கோபமாகக் கத்தினால் குமிழிதான் வரும், அதற்குள் கோபமே ஆறிவிடும். மடையை அடைக்கிற வழக்கம் மட்டும் கிடையாது. தண்ணீர் வழியாகத்தான் பேச்சு போகிறது, அடைத்தால் பக்கத்து ஊர்க்காரன் வாயைப் பொத்தின மாதிரி என்பீர்கள். "எனக்கு அங்கன ஒரு வேலையும் கெடைக்காது. ஒன் சம்பாத்தியத்துலதான் சாப்பிடணும்" என்று சொல்லி ரசத்துக்குக் கையை நீட்டுவீர்கள். அத்தை முறைத்துப் பார்ப்பார்கள்.

செத்துப்போவது என்ற பேச்சும் அங்கே இல்லை. மேலே இருந்து அலுத்தவர் கீழ்வாசல் வழியாகப் போய்விடுவார், அவ்வளவுதான். ஆனால் அந்தக் கதவு சவ்வுக் கை பட்டால்தான் திறக்கும். வெறும் விரலில் தண்ணீர் வழுகிப் போகும். அப்படியானால் உங்கள் கதி என்ன என்று கேட்டேன். "நீ தொறந்து விடு, நான் பின்னாலயே வந்துருதேன்" என்றீர்கள்.

வால்வெள்ளி தெரிந்த வருஷம் கிருபை பிறந்தாள். அதே கை, அதே இரண்டு விரல்கள். அத்தை பிள்ளையை என்னிடம் கொடுத்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார்கள். நீங்கள் மட்டும் ஊர்க்காரி வந்துவிட்டாள் என்று தெருவெல்லாம் கற்கண்டு கொடுத்தீர்கள். டாக்டரம்மா அப்போதே பிரிக்கலாம் என்றார். "கை அவளோடது. வாய் வரட்டும், அவளே சொல்லட்டும்" என்று சொல்லி அனுப்பிவிட்டீர்கள்.

அவள் சொல்வதைக் கேட்க நீங்கள் இல்லை. பாபநாசத்து மலைக்கு, ஆற்றிலிருந்து கால்வாய் பிரிகிற தலைப்பைப் பார்க்கப் போனவர் காய்ச்சலோடு திரும்பினீர்கள். கடைசிப் பொழுதில் கண்ணைத் திறக்காமலே, "ஏளா, அந்தக் கை" என்றீர்கள். கொடுத்தேன். கல்யாணத்தன்று போலவே உங்கள் பெருவிரல் சவ்வைத் தேடி அதில் வந்து நின்றது. நான் அழவில்லை. கதவைத் திறந்து விட்டுக்கொண்டிருந்தேன்.

இப்போது புரிகிறதா என் சங்கடம்? பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் வாத்துக்கை என்கிறார்களாம். அதைக்கூட அவள் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. "யம்மா, எனக்கு ஆர்மோனியம் வாசிக்கணும். ஒரு கட்டையை அமுக்கினா ரெண்டு கட்டை சேந்து கத்துது" என்கிறாள். நியாயமான பேச்சுதான். ஆனால் அதைக் கேட்டவுடன் எனக்குக் கோபம் வந்தது. அவள் விரலைப் பிரித்துவிட்டால் அந்த ஊரில் நான் ஒருத்திதான் மிச்சம். வேண்டாத கை என்று அவள் சொல்வது என் கையைத்தானோ என்று பட்டது. பெற்ற பிள்ளை மேலேயே எனக்கு ரோஷம்.

சற்று முன்னால் அண்டாவின் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். "வெட்டிட்டா அப்பாட்ட எப்படிட்டி போவ? கதவு தொறக்காதே" என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது. சின்னப் பிள்ளையைப் பயமுறுத்தி என் பக்கம் இழுக்கப் பார்த்தேன்.

அவள் பயப்படவில்லை. ஏற்கெனவே யோசித்து வைத்திருக்கிறாள். என் வலக்கையைப் பிடித்து இழுத்துத் தண்ணீருக்குள் அமுக்கினாள்.

"அதுக்குத்தான் சொல்லுதேன், ஒங் கையை மட்டும் யாருக்கும் குடுத்துராத. அப்பாவுக்குத் தொறந்தேல்லா. நான் வரும்போது எனக்கும் தொறந்து விடு."

நீங்கள் சொன்ன அதே சொல். ஊர்க் கதையெல்லாம் அவள் உங்கள் மடியில் கேட்டதுதான், ஆனால் உங்களுக்கு நான் திறந்து விட்டதை அவளிடம் சொன்னதே இல்லை. அன்று கட்டிலின் கால்மாட்டில் நின்றிருந்தாள், எல்லாவற்றையும் பார்த்திருக்கிறாள். தண்ணீருக்குள் எங்கள் இரண்டு கைகளும் ஒன்றாய்த் தெரிந்தன. உங்களுக்காக அழாத அழுகையெல்லாம் அப்போதுதான் வந்தது. அவள் தண்ணீரைப் பைய உள்ளங்கையால் தட்டிக்கொண்டிருந்தாள்.

காலையில் டாக்டரம்மாவிடம் சரி என்று சொல்லப் போகிறேன். மயக்க மருந்து கொடுக்கும் வரை அவள் கையை என் வலக்கையால்தான் பிடித்திருப்பேன், முந்தானை சுற்றாமல். நீங்கள் அந்தப் பக்கம் கதவண்டை நின்று எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தால் ஒன்று மட்டும் சொல்கிறேன். நாளை நான் கதவைத் திறக்க மாட்டேன். அவள் ஆர்மோனியம் வாசிக்க வேண்டும்.