பூட்டு இன்னும் வரல

அன்புள்ள மகனுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே நாங்கள் இருவரும் சௌக்கியம், நீயும் வேளாவேளைக்குச் சாப்பிட்டுத் தூங்கி சௌக்கியமாக இருக்கிறாய் என்று நம்பிக்கொண்டு எழுதுகிறேன். போன் இருக்கும்போது இந்த மனுஷன் எதற்குக் காகிதத்தைத் தூக்கிக்கொண்டு உட்கார்ந்தார் என்று கேட்பாய். இரண்டு காரணம். போனில் நான் நாலு வார்த்தை பேசுவதற்குள் "சரிப்பா சரிப்பா" என்று வைத்துவிடுவாய், கடிதத்தில் அந்த வசதி உனக்குக் கிடையாது. இரண்டாவது காரணம் இந்த உறைக்குள்ளேயே இருக்கிறது, அதைக் கடைசியில் சொல்கிறேன், அதற்குள் உறையைக் கவிழ்த்து உதறிப் பார்க்காதே.

அம்மாவுக்கு இப்போது நடை நன்றாக வந்துவிட்டது. வலது கை மட்டும் இன்னும் சொன்னபடி கேட்கவில்லை, கிண்ணத்தைப் பிடித்தால் ஒரு பக்கம் சாய்கிறது. ஆனாலும் ஊட்டிவிட வந்தால் முறைக்கிறாள், அந்த முறைப்பில் ஒரு குறையும் இல்லை, பக்கவாதம் அதைத் தொடவே இல்லை. நான் வாரத்தில் மூன்று நாள்தான் வேலைக்குப் போகிறேன். அதே பதினோரு மாடிக் கட்டடம், அதே நாலு லிஃப்ட். நான் இல்லாத நாட்களில் புதிதாக வந்த பையன்கள் பார்த்துக்கொள்கிறார்கள். லிஃப்ட் நின்றால் போதும், எதையாவது கழற்றி மாற்றிவிட்டுத்தான் மறுவேலை பார்ப்பார்கள். அவர்களிடம் தொண்டை கிழியச் சொல்கிறேன், கழற்றுவதற்கு முன்னால் கேளுங்கடா, எத்தனை மணிக்கு நின்றது, எந்த மாடியில் நின்றது, உள்ளே எத்தனை பேர் இருந்தார்கள், இதையெல்லாம் கேட்டாலே பாதிப் பழுது தானாகப் பேசும் என்று. இதை எதற்கு உனக்குச் சொல்கிறேன் என்பது போகப்போகத் தெரியும். உபதேசம் ஊருக்குத்தான் என்பார்களே, அது உன் அப்பாவுக்காகவே சொல்லி வைத்தது.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். அஞ்சு ஞாயிற்றுக்கிழமை ஆகிவிட்டது நீ அம்மாவிடம் பேசி. கடைசியாக அவள் காதில் போனை வைத்தபோது நீ "அம்மா" என்றதும் அவள் "பூட்டு, பூட்டு" என்று கத்தி அழுது போனை என் கையில் தள்ளிவிட்டாள். பிறகு நீ என்னிடம் சொன்னது வார்த்தை மாறாமல் ஞாபகம் இருக்கிறது. "அம்மாவுக்கு என்னைத் தெரியலப்பா, வாயைப் பூட்டுன்னு சொல்றாங்க, நான் பேசினா அவங்களுக்கு வேதனைதான்" என்றாய். அதற்கப்புறம் அவள் தூங்குகிற மத்தியான நேரமாகப் பார்த்து எனக்கு மட்டும் போன் செய்கிறாய். போன வாரம், லீவுக்கு வருவதையும் அடுத்த வருஷத்துக்குத் தள்ளிவிடலாம் என்று சொல்லிவிட்டாய். அன்றைக்கு நான் சரி என்றுதான் சொன்னேன். அந்தச் சரியைத் திரும்ப வாங்கிக்கொள்ளத்தான் இந்தக் கடிதம்.

பேச்சுப் பயிற்சி கொடுக்க வாரம் இரண்டு நாள் ஒரு டீச்சர் வருகிறார் என்று சொன்னேன் அல்லவா, அவர் முதல் நாளே ஒன்று சொன்னார். "சொல்லெல்லாம் எங்கேயும் போகல சார், அலமாரி கலைஞ்சு போச்சு, அவங்க கை வைக்கிற தட்டுல வேற சாமான் வருது, அவ்வளவுதான்" என்றார். என்ன சொன்னாள், எத்தனை மணிக்குச் சொன்னாள், அப்போது என்ன நடந்துகொண்டிருந்தது, கடைசியில் எதைக் கொடுத்ததும் சமாதானம் ஆனாள், இவ்வளவையும் ஒரு நோட்டில் எழுதச் சொன்னார். எழுதினேன். குழந்தைக்கு நாம் பேச்சு சொல்லிக்கொடுப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறோம், உண்மையில் அது நம் வாயையும் கையையும் பார்த்துப் பார்த்துத் தானாகவே கணக்குப் போட்டுக்கொள்கிறது, நீயும் அப்படித்தான் பேசக் கற்றாய். இந்த வயதில் நான் அந்தக் குழந்தை மாதிரி உன் அம்மாவின் பாஷையைக் கற்றுக்கொள்கிறேன், அவ்வளவுதான் வித்தியாசம்.

ஆரம்பத்தில் ஒரு பெரிய கண்டுபிடிப்பு செய்துவிட்டேன். சட்டை என்றாள், சட்டியைக் கேட்டாள். பாய் என்றாள், பால் வேண்டியிருந்தது. தட்டி என்றாள், தட்டு. ஆஹா, முதல் எழுத்துச் சரியாக வருகிறது, வால்தான் மாறுகிறது என்று டீச்சர் வருவதற்கு முன்பே வாசலில் போய் நின்றுகொண்டேன் சொல்ல. மறுநாள் தொப்பி வேண்டும் என்றாள். தொட்டி, தொட்டில், தொடப்பம் என்று வீட்டில் 'தொ'வில் தொடங்குகிற எல்லாவற்றையும் யோசித்து, தொடப்பத்தைக் கொண்டுபோய் நீட்டினேன். நோயாளியின் கையில் தொடப்பத்தைக் கொடுக்கிற புருஷனை அவள் பார்த்த பார்வையை எழுத எனக்குத் திராணி இல்லை. அவளுக்கு வேண்டியிருந்தது தலையணை. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதையை மூன்று தடவை பார்த்துவிட்டு, பழத்தைத் தள்ளுவது காக்கைதான் என்று எழுதி வைத்திருந்தேன்.

தொப்பியும் தலைக்கு, தலையணையும் தலைக்கு. அங்கேதான் எனக்கு நூல்முனை கிடைத்தது. வெயில் கொளுத்துகிற மத்தியானம் "குடை, குடை" என்று பறந்தாள், குடையைக் கொடுத்தால் தூக்கி எறிந்தாள், வெளியே எட்டிப் பார்த்தால் மேற்கே கறுத்துக்கொண்டு வருகிறது, கொடியில் துணி காய்கிறது. ஆக, சொல்ல வந்த சாமான் வராவிட்டால் அதோடு புழங்குகிற சாமான் வருகிறது. இது பலமுறை பலித்தது. ஒருநாள் "ஊசி வந்தாச்சு" என்று சந்தோஷமாகச் சொன்னாள், ஊசி போடுவதற்கு இத்தனை ஆசையா என்று நான் மருந்துச் சீட்டைத் தேடிக்கொண்டிருக்கிறேன், வந்து நின்றது கீழ்வீட்டுத் தையல்காரம்மா. அப்புறம்தான் தெரிந்தது, மனுஷர்களையும் அவரவர் கைச்சாமானை வைத்துத்தான் கூப்பிடுகிறாள். நான் யார் என்று கேட்காதே, கேட்காவிட்டாலும் சொல்கிறேன், நான் திருப்புளி. ஸ்க்ரூ முடுக்குகிற அதே திருப்புளிதான். தையல்காரம்மா இப்போது மாடிப்படியில் என்னைப் பார்த்தாலே முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரிக்கிறார்.

இவ்வளவும் தெரிந்த புத்திசாலி என்ன செய்தேன் என்று கேள். தினமும் ராத்திரி எட்டு மணிக்கு நான் வாசல் கதவைப் பூட்டப் போவேன், அவள் குறுக்கே வந்து நின்று "பூட்டு இன்னும் வரல" என்பாள். பூட்டு சரியாக விழவில்லை என்று சொல்கிறாள் என எடுத்துக்கொண்டேன். முதல் நாள் எண்ணெய் விட்டேன். இரண்டாம் நாள் கழற்றித் துடைத்து மாட்டினேன். "பூட்டு வரல." பூட்டுக்காரரை அழைத்து வந்தேன், அவர் இப்படியும் அப்படியும் சாவியைத் திருப்பிப் பார்த்துவிட்டு "நல்லாத்தானே சார் இருக்கு, எதுக்கு மாத்தணும்" என்றார். சொன்னதைச் செய்யுங்கள் என்று கடுகடுத்து, கதவைக் குடைந்து புதிய பூட்டே போட வைத்தேன். அன்று ராத்திரியும் வந்து நின்றாள். "பூட்டு வரல." எனக்குக் கோபம் வந்துவிட்டது. இதற்கு மேல் எந்தப் பூட்டு வர வேண்டும் என்று சத்தம் போட்டுவிட்டேன். அவள் உன் அறைக்குள் போய்க் கட்டிலில் உட்கார்ந்துகொண்டாள். அதை நினைத்தால் இப்போதும் எனக்கு என் மேல் வெறுப்பாக இருக்கிறது.

மறுநாள் வேலையில் ஒரு பையன் ஓடி வந்து ஏழாவது மாடியில் லிஃப்ட் நிற்கிறது, கன்ட்ரோல் பலகையை மாற்றிவிடட்டுமா என்றான். எத்தனை மணிக்கு நிற்கிறதென்று கேட்டாயாடா என்று வாயெடுத்தவன், அப்படியே நின்றுவிட்டேன். வீட்டுக்கு வந்து நோட்டைப் புரட்டினேன். கையில் வெண்ணெயை வைத்துக்கொண்டு நெய்க்கு அலைந்திருக்கிறேன். நேரம், இடம் எல்லாம் என் கையாலேயே எழுதி வைத்திருக்கிறேன், ஒரு நாளும் படித்துப் பார்க்கவில்லை. பூட்டு என்ற சொல் பதினாலு இடத்தில் வருகிறது. ராத்திரி எட்டு மணிக்கு, ஞாயிறு காலை நீ வழக்கமாகக் கூப்பிடுகிற பத்து மணிக்குப் போனுக்குப் பக்கத்தில், ஒருநாள் உன் அலமாரியைத் திறந்து போர்வை எடுத்தபோது. காலையில் கதவைத் திறக்கும்போது ஒரு தடவைகூட இல்லை. பழைய பூட்டை எடுத்துப்போய் அவள் கையில் கொடுத்து இது என்ன என்று கேட்டேன். திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு "இரும்பு" என்றாள். அவளுக்குப் பூட்டு என்பது பூட்டே இல்லை.

ஊசி ஒரு ஆள். திருப்புளி ஒரு ஆள். ஆல்பத்தை விரித்து வைத்து, பூட்டு எங்கே என்று கேட்டேன். ஒரு நொடி யோசிக்கவில்லை, நீ முன்பல் விழுந்து சிரிக்கிற பள்ளிக்கூடப் போட்டோவில் விரலை வைத்தாள். ஒரு தடவை என்றால் காக்கையும் பனம்பழமுமாக இருக்கலாம், ஆகவே பக்கத்தைப் புரட்டி, தாடி வைத்துக்கொண்டு கல்யாணக் கூட்டத்தில் கடைசி வரிசையில் நிற்கிறாயே, அந்தப் போட்டோவைக் காட்டி மறுபடி கேட்டேன். அத்தனை தலைக்கு நடுவே விரல் நேராக உன் மேல் வந்து நின்றது.

ஏன் பூட்டு என்று நீ இதற்குள் ஊகித்திருப்பாய். இந்த வீட்டுக்குக் கடைசியாக வந்து சேருகிற ஆள் எப்போதும் நீதான், விளையாட்டு என்றாய், படிப்பு என்றாய், பிறகு வேலை என்றாய். நான் சாவியை எடுத்தால் போதும், அடுப்படியிலிருந்து குரல் வரும், "அவன் வரட்டும், அப்புறம் பூட்டு." வருஷக்கணக்காக ஒரே வாக்கியம். அந்த வாக்கியத்தில் 'அவன்' கலைந்து போய்விட்டான், பக்கத்தில் இருந்த 'பூட்டு' மிச்சம் இருக்கிறது. தினமும் கதவில் வந்து நின்று அவள் சொன்னது நீ இன்னும் வரவில்லை என்றுதான். அன்றைக்குப் போனில் அழுதாளே, உன்னை வாயைப் பூட்டச் சொல்லவில்லை தம்பி, உன்னைப் பேர் சொல்லிக் கூப்பிட்டாள்.

நீ அப்படி எடுத்துக்கொண்டதற்கும் காரணம் எனக்குத் தெரியும். கிளம்புகிற அன்று அவளிடம் கடுமையாகப் பேசிவிட்டுப் போனாய், குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கத்தான் செய்யும், காதில் விழுந்த சொல்லை அந்த நெஞ்சு தனக்கு ஏற்ற மாதிரி வளைத்துக்கொண்டது. உன்னைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. உன்னிடம் இருந்தது ஒரே ஒரு சொல், என்னிடம் ஒரு நோட்டு நிறைய இருந்தும் கதவைக் குடைந்தவன் நான். அவரவர் கையில் இருக்கிற சாமானை வைத்துத்தான் அவரவர் முடிவு கட்டுகிறோம், எனக்குப் பூட்டு, உனக்கு அன்றைக்குப் பேசிய கோபப் பேச்சு. கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்று பெரியவர்கள் சொன்னார்கள், தீர விசாரிக்க எத்தனை நாள் பிடிக்கும் என்று சொல்லாமல் போய்விட்டார்கள்.

எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைத்துக்கொண்டு வந்துவிடாதே. அவள் சொல்வதில் பாதிக்கு மேல் எனக்கு இன்னும் விளங்குவதில்லை, நேற்று முழுக்க 'பச்சை' என்று ஏதோ கேட்டாள், இந்த நிமிஷம் வரை அது என்னவென்று தெரியாது. ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்குக் கூப்பிடு, அம்மாவிடம் கொடுங்கள் என்று நீயே கேள். மெதுவாகப் பேசு, ஒரு வாக்கியத்துக்கும் அடுத்ததுக்கும் நடுவில் அவளுக்கு இடம் விடு, பரீட்சை வைக்கிற மாதிரி நான் யார் சொல்லு என்று கேட்காதே, தப்பான சொல் வந்தால் திருத்தாதே. பூட்டு என்றால், வரேம்மா என்று சொல். லீவைத் தள்ளிப்போடாதே, இதை நான் கெஞ்சிக் கேட்பதாகவே எடுத்துக்கொள்.

இனி உறையை உதறலாம். உன்னிடம் இருக்கிற பழைய சாவி இந்தக் கதவுக்கு இனிமேல் சேராது, உன் அப்பாவின் கெட்டிக்காரத்தனத்தால் பூட்டு மாறிவிட்டது. புதிய பூட்டுக்கு மூன்று சாவி வந்தது, ஒன்று உனக்கு. தபாலில் குலுங்காமல் இருக்க அதைத் துணித்துண்டில் சுற்றிக்கொண்டிருந்தேன், அம்மா வந்து என் கையிலிருந்து வாங்கிப் பார்த்தாள். இது யாருக்குத் தெரியுமா என்று கேட்டேன். இதுகூடத் தெரியாதா என்பது போல என்னைப் பார்த்து, ஒவ்வொரு எழுத்தாகக் கோத்து, "பூட்டுக்குத்தானே சாவி" என்றாள். அதில் திருத்த ஒன்றும் இல்லை.

நீ நீண்ட ஆயுளோடும் நிம்மதியோடும் இருக்க எங்கள் இருவரின் ஆசீர்வாதம். குளிருக்குக் காதை மூடிக்கொள், வெறும் வயிற்றில் காபி குடிக்காதே. வரும்போது சாவியை மறக்காதே, எத்தனை மணி ஆனாலும் நீயே திறந்துகொண்டு உள்ளே வா. அதுவரை நாங்கள் கதவைச் சும்மா சாத்தித்தான் வைக்கிறோம்.

இப்படிக்கு,
உன் அப்பா
(அம்மாவின் கணக்கில், திருப்புளி)