முதல் ஆள்

1937 பிப்ரவரி 2, செவ்வாய்

இன்றும் நேரத்துக்குப் பள்ளிக்கூடம் போய்ச் சேர்ந்தேன். கீரை விற்கும் சீன அக்காவுக்குப் புண்ணியமாகப் போகட்டும். அவள் கூடையோடு நாகையாவின் பஸ்ஸில் முதலில் ஏறினாள். அதற்குப் பிறகுதான் எனக்கு வழி பிறந்தது.

ஏழு பேர் உட்காரும் சின்ன வண்டி. பிரிக்பீல்ட்ஸ் வீட்டிலிருந்து நான் பாடம் நடத்தும் சாலாக் செலாத்தானுக்குப் போக எனக்கு வேறு கதி இல்லை. காலையில் முதலில் ஏறும் ஆள்தான் நாகையாவுக்குப் போணி. அது ராசியான ஆளாக இருக்க வேண்டும். வெள்ளைச் சேலையும் வெறும் நெற்றியுமாக நான் ஏறினால் அன்றைக்கு டயர் வெடிக்குமாம். "கோவிச்சுக்காதீங்க அக்கா, யாராச்சும் ஏறட்டும்" — தினமும் இதே பாட்டு. மற்ற வண்டிக்காரர்களும் இதே கட்சிதான்.

ஆனால் மரியாதைக்குக் குறைவில்லை. ஜன்னலோர இடத்தைத் துண்டால் தட்டி எனக்கென்று வைத்திருப்பான். அந்த மரியாதையைப் பார்த்தால்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. திட்டினாலாவது திருப்பித் திட்டலாம்.

பிப்ரவரி 15, திங்கள்

சீனப் புது வருஷத்துக்குப் போன கீரை அக்காவை இன்னும் காணோம். நாகையா ஒரு பக்கம் பார்க்க, நான் ஒரு பக்கம் பார்க்க, நின்றோம், நின்றோம், நின்றுகொண்டே இருந்தோம். கடைசியில் ஒரு மலாய்க்காரர் கக்கத்தில் சேவலோடு வந்தார். சேவல் ஏறியது. பிறகு நான். ஒரு சேவலுக்கு இருக்கிற யோகம் எனக்கு இல்லை!

பள்ளியில் கடவுள் வாழ்த்து முடிந்துவிட்டது. தலைமை ஆசிரியர் ஜெயராஜ் சார் பிள்ளைகள் முன்னாலேயே கடிகாரத்தை எடுத்துப் பார்த்தார். "எத்தனை தடவை சொல்றது அம்மா? இன்னொரு நாள் இப்படி வந்தீங்கன்னா மேலே எழுதிடுவேன். இந்த வேலைக்கு ஆள் காத்துக்கிட்டு நிக்குது."

"பஸ் லேட் சார்" என்றேன். வேறு என்ன சொல்ல? என் நெத்தி லேட் சார் என்றா?

பிப்ரவரி 16, செவ்வாய்

நடந்தே போனேன். இரண்டு காலிலும் கொப்புளம்.

பிப்ரவரி 19, வெள்ளி

அண்ணன் சபாபதிக்கு எப்படியோ விஷயம் தெரிந்துவிட்டது. ரயில்வேயில் கிளார்க் வேலை. ஊர்ச் செய்தியெல்லாம் அவர் மேஜைக்கு வந்துவிடும். சாப்பிடும்போது சொன்னார்: "வேலை போயிடுச்சுன்னா ஊருக்குக் கப்பல் ஏறிடு பாக்கியம். கொழுந்தன் வீட்டுல உனக்கு ஒரு வாய் சோறு போடாமலா இருப்பாங்க?"

போடுவார்கள். அந்த வீட்டில் எல்லாருக்கும் ஆக்கிப் போட்டு, பாத்திரம் கழுவிக் கவிழ்த்த பிறகு போடுவார்கள். என் வீட்டுக்காரர் செத்த வருஷம் அங்கே இருந்தவள்தானே நான், எனக்குத் தெரியாதா?  அண்ணி பவுனம்மாள் எனக்கு ரசத்தை இன்னொரு கரண்டி ஊற்றினாள்.

போக மாட்டேன். அந்த அடுப்படிக்கு நான் திரும்பிப் போகவே மாட்டேன்.

பிப்ரவரி 24, புதன்

நல்ல சேதியா கெட்ட சேதியா தெரியவில்லை. சின்ன வண்டிகளை எல்லாம் ஒரு கம்பெனி எடுத்துக்கொள்கிறதாம். மார்ச் முதல் தேதியிலிருந்து பெரிய பஸ், டிக்கெட், காக்கிச் சட்டை. ஒரே ஒரு ஆள் இருந்தாலும் மணி அடித்தால் கிளம்பியாக வேண்டுமாம். நாகையாவுக்கும் அதில் வேலை கிடைத்துவிட்டது. ஆனால் மனிதன் முகம் செத்துக் கிடக்கிறது.

அண்ணிதான் காரணம் சொன்னாள். அவன் மனைவி இராஜம்மாவுக்கு இது நிறைமாசம். இதற்கு முன் இரண்டு பிள்ளை பிறந்து தங்கவில்லை. "பயந்து சாகுறான் பாவம். பூனை குறுக்கே போனாக்கூட வண்டிய நிறுத்திடுறானாம்."

இத்தனை நாள் அவனை வாய்க்குள்ளேயே எவ்வளவு வைதிருக்கிறேன்! பாவமாகத்தான் இருக்கிறது. கோபமும் போகவில்லை.

பிப்ரவரி 28, ஞாயிறு

நாளைக்குப் புது பஸ். கம்பெனி ரூல் போட்டுவிட்டது. நாகையா மனசுக்கு யார் ரூல் போடுவது?

மார்ச் 1, திங்கள்

நிதானமாக எழுத வேண்டும். 

பஸ்ஸுக்கு மாலை, சூடம், சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம் எல்லாம் ஆயிற்று. நிறுத்தத்தில் நான் ஒருத்திதான். நாகையா காக்கிச் சட்டையில் வேர்த்துப்போய், "ஒரு நிமிஷம் அக்கா... யாராச்சும்..." என்றான். கம்பெனி ஆள் தம்புசாமி விசில் ஊதிவிட்டார். "டைம் ஆச்சு. வண்டிய எடு நாகையா."

அவன் என்னைப் பார்த்தான். கெஞ்சுகிற பார்வை. இராஜம்மாவின் வயிறு என் கண்ணுக்குள் வந்து நின்றது. பொய் சொல்வானேன், ஓர் அடி பின்னால் வைத்துவிட்டேன். உடனே அந்த அடுப்படியும் ஞாபகம் வந்தது. ஏறினேன். வலது காலை எடுத்து வைத்தேன், அவனுக்காக.

 முருகா, இன்னைக்கு ஒரு நாளைக்கு அந்த டயரைக் காப்பாத்துடா என்று நினைத்துக்கொண்டே போனேன். டயருக்கு ஒன்றும் ஆகவில்லை. பள்ளிக்குப் போனால் ஜெயராஜ் சாரே இன்னும் வரவில்லை! காலி வகுப்பில் உட்கார்ந்து ஒரு பாட்டம் அழுது தீர்த்தேன்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தால், இராஜம்மாவுக்கு வலி எடுத்துவிட்டதாம். சோறு இறங்கவில்லை. ஏதாவது ஒண்ணு ஆச்சுன்னா என் தலையிலதானே விடியும்? நம்பாதே, நம்பாதே என்று எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். பின்னே ஏன் வாசலையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன்?

மார்ச் 2, செவ்வாய்

வேறு டிரைவர். நாகையா லீவாம். ஏன் என்று கேட்க வாய் வரவில்லை.

மார்ச் 3, புதன்

பெண் குழந்தை! தாயும் பிள்ளையும் சுகம்!

நாகையாவே வீடு தேடி வந்து கற்கண்டு கொடுத்தான். கண்ணெல்லாம் சிவந்திருந்தது. "அக்கா, நீங்க ஏறின நேரம்தான். இனிமே தினமும் நீங்கதான் முதல்ல ஏறணும்."

வந்ததே எனக்குக் கோபம்! "இங்க பாரு நாகையா. நான் ஏறினா டயரும் வெடிக்காது, பிள்ளையும் பொறக்காது. பத்து மாசம் சுமந்து பெத்தவ உன் பொண்டாட்டி. போய் அவளைக் கும்பிடு."

"சரிக்கா, கும்பிடுறேன். ஆனா நீங்க முதல்ல ஏறுங்க" என்றான். அண்ணி சிரித்த சிரிப்பில் கையிலிருந்த தம்ளர் விழுந்தது. நானும் சிரித்துவிட்டேன். மூன்று நாளாக நெஞ்சில் கிடந்த கல் இறங்கியது. இரண்டு தடவை சோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.

மார்ச் 19, வெள்ளி

நான் வரக் கொஞ்சம் தாமதம். மணி அடித்தும் நாகையா யாரையும் ஏற விடாமல் எனக்காக நிற்கிறான்! உள்ளே ஏறக் காத்திருந்தவர்கள் வைகிறார்கள், தம்புசாமி குதிக்கிறார். "உனக்குப் பைத்தியமா? நேரமானா நீ பாட்டுக்குப் போ. நான் ஓடி வந்து பிடிச்சுக்கிறேன்" என்று நானும் என் பங்குக்குக் கொடுத்தேன். தலையைச் சொறிந்தான்.

அண்ணன் இப்போதெல்லாம் கப்பல் பேச்சே எடுப்பதில்லை.

ஏப்ரல் 5, திங்கள்

நிறுத்தத்தில் எனக்கு முன்பே ஒரு பெண் வந்திருந்தாள். இருபது வயதுகூட இராது. வெள்ளைச் சேலை, கையில் சாப்பாட்டுத் தூக்கு. சாலாக்கில் ஒரு வீட்டில் வேலைக்குச் சேர்ந்திருக்கிறாளாம், இன்றுதான் முதல் நாள். பஸ் வந்து நின்றதும் சட்டென்று ஒதுங்கி மரத்தடிக்குப் போய்விட்டாள்.

"நீதானேம்மா முதல்ல வந்தே, ஏறு."

"இல்லக்கா, நீங்க ஏறுங்க, எல்லாரும் ஏறட்டும். நான் அப்புறமா..." என்றவள் அப்போதுதான் என் நெற்றியைப் பார்த்தாள். 

நான் நகரவில்லை. நாகையாவைப் பார்த்தேன். அவன் அவளைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், பிறகு மணியைப் பார்த்தான்.

"அட ஏறும்மா தங்கச்சி, டைம் ஆச்சு லா!"

அவள் ஏறினாள். பின்னால் நான். ஜன்னலோரம் என் இடத்தில் போய் உட்கார்ந்துகொண்டாள். உட்காரட்டும் என்று பக்கத்தில் உட்கார்ந்தேன்.