என் கொக்கி அவன் கையில்

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் சுகம். உங்கள் முழங்கால் வலி தேவலையா? நேற்று நடந்ததைப் போனில் சொன்னால் என் பயத்தைக் குரல் காட்டிக்கொடுத்துவிடும் என்றுதான் எழுதுகிறேன்.

உயரமான கட்டடங்களுக்குக் கண்ணாடி துடைக்கும்போது, கயிற்றில் தொங்கும் தொட்டிலில் இரண்டு பேர் நிற்போம். இடுப்பு பெல்ட்டின் கொக்கி சரியாகப் பூட்டியிருக்கிறதா என்று கூட்டாளிதான் இழுத்துப் பார்க்க வேண்டும். நாமே பார்த்தால் செல்லாது. என் கூட்டாளி, அறையில் என் பக்கத்துக் கட்டிலில் படுக்கும் 'குறட்டை'. அவன் குறட்டை தாங்காமல் தலையணையை வீசிவிட்டேன். அன்றிலிருந்து மூஞ்சியைத் தூக்கி வைத்திருக்கிறான். நானும் விட்டுக்கொடுத்துப் பேசவில்லை.

நேற்று பாதி உயரத்தில் காற்று தொட்டிலை ஆட்டியது. அவன் கொக்கி திறந்தே கிடந்தது.

"டேய், உன் கொக்கியப் பாரு!"

"உன்னுதும் அப்படித்தான்டா இருக்கு!"

நல்ல வேடிக்கை, இல்லையா அம்மா? கீழே வந்ததும் மேஸ்திரியிடம் சேர்ந்து வாங்கிக் கட்டிக்கொண்டோம். பிறகு அவன் மறுபடி வாயை மூடிக்கொண்டான். எழுத்து கோணலாக இருந்தால் பேனா சரியில்லை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

யாராவது இங்கே வந்தால் காதில் வைக்கப் பஞ்சு கொடுத்தனுப்புங்கள். போன் செய்தால் அவனிடமும் இரண்டு வார்த்தை பேசுங்கள். என்னைத் திட்டியாவது அவனைச் சிரிக்க வையுங்கள்.

வேலைக்கு வண்டி வந்துவிட்டது. இன்றைக்கும் என் கொக்கியை இழுத்துப் பார்க்க வேண்டியவன் அவன்தான்.

உங்கள் மகன்